ஒன்பதாவது ட்ரை

சிங்கடோக்கா
1993 மே 9

அண்ணனுக்கு,

பையன். செவ்வாய்க்கிழமை பிறந்தான். உன் மூக்கு. "பாவம் புள்ளை" என்று என் மாமியார் உலாமிலா சிரித்தார். நானும் சிரித்தேன், தையல் வலித்தது. ஆக்லாந்தில் உன் மச்சான் இலைத்தியாவுக்குத் தந்தி கிடைத்திருக்கும், அவர் உன்னிடம் சொல்லியும் இருப்பார். இருந்தாலும் நான் சொன்னதாக இருக்க வேண்டாமா?

வயது வந்த அண்ணனும் தங்கையும் முகம் பார்த்துப் பேசக் கூடாது என்று விதித்த, நாம் பிறந்த ரா கடற்கரைப் பெரியவர்கள், எழுதக் கூடாது என்று சொல்ல மறந்துவிட்டார்கள். அந்த ஒரு மறதிக்காக அவர்களைக் கும்பிட வேண்டும். நீ விடுதிக்குப் போன நாளிலிருந்து நான் உன்னோடு பேசியதெல்லாம் காகிதத்தில்தான். இதையும் காகிதத்தில் சொல்வதால்தான் சொல்ல முடிகிறது.

நாந்தி விமான நிலையத்தில் நம் நாட்டு ரக்பி அணியோடு நீங்கள் இருவரும் மாலையும் கழுத்துமாக நின்றபோது உன் மச்சான் பேசியதைத் தூணுக்குப் பின்னால் நின்று கேட்டேன்.

"மச்சான், இந்த பசிபிக் கோப்பையில நம்ம ரெண்டு பேருல யாரு அதிகமா ட்ரை போடுறானோ, அவன் சொல்ற பேருதான் புள்ளைக்கு. சம்மதமா?"

"உன் குட்டைக் காலுக்கு எதுக்கு மச்சான் இந்த ஆசை? பேசாம இப்பவே என் பேரை வச்சுட்டு விமானம் ஏறு."

"உன் பேரா? அதை எங்க வீட்டு நாய்க்குல்ல வச்சிருக்கேன்."

அணியே சிரித்தது. மச்சான்மார் கேலியில் கோபித்துக்கொள்ளவும் கூடாது, பின்வாங்கவும் கூடாது. சொன்னது சொன்னதுதான். தலைச்சன் பிள்ளைக்குப் பெயர் வைக்கும் உரிமை அப்பன் வீட்டுக்குத்தான் என்று தெரியும். அதை அவரே பந்தயத்தில் வைத்துவிட்டார். எனக்கு அது கடவுள் திறந்த கதவாகத் தெரிகிறது.

அவர் ஜெயித்தால் என்ன பெயர் வைப்பார்? அபெனிசா. என் மாமனார் பெயர். அவர் இந்த ஆற்று வெள்ளத்தில் போனவர். அதே பெயரை வைத்த மூத்தாரின் பிள்ளை தவழ்வதற்குள் போனது. வாசலைத் தாண்டி அதைப் புதைத்த சின்ன மேட்டைப் பார்க்காமல் நான் துணி உலர்த்தப் போக முடியாது. சுவாவில் கல்லூரி முடித்தவள், பள்ளியில் பிள்ளைகளுக்கு அறிவியல் நடத்துகிறவள் இப்படி எழுதுகிறேனே என்று கூச்சமாக இருக்கிறது. ஆனால் இவன் தூங்கும்போது மூச்சு வருகிறதா என்று மூக்கருகே விரலை வைத்துப் பார்க்கிறேன். விரலை எடுத்த மறுநிமிடம் மறுபடியும் வைக்கிறேன். உன் மச்சானிடம் இதைச் சொன்னால் "எங்க அப்பா பேரு உனக்குச் சனியனா?" என்று கேட்பார்.

அதனால் கேள். கோடு கண்ணுக்குத் தெரியும் தூரத்தில் பந்து உன் கையில் இருந்தால், அவர் பக்கத்தில் ஓடிவந்து எவ்வளவு கத்தினாலும் கையைத் திறக்காதே. கோட்டுக்கு அப்பால் நீயே விழு, நீயே பந்தைத் தரையில் அழுத்து. ட்ரை உன் பெயரில் விழட்டும். எனக்காக இல்லை, உன் மருமகனுக்காக.

உன் தங்கை,
டொரிக்கா


ஆக்லாந்து
1993 மே 18

தங்கச்சிக்கு,

என் மூக்கு என்றால் பயப்படாதே, அந்த மூக்கில் காற்று தாராளமாகப் போய்வரும். நீ விரல் வைத்து அடைக்காமல் இருந்தால் சரி.

இங்கே குளிர். அறையில் நானும் உன் வீட்டுக்காரனும். ராத்திரி முழுக்கக் குறட்டை, காலையில் எழுந்து நான்தான் விட்டேன் என்கிறான். பிள்ளை பிறந்த சேதி வந்ததும் பயிற்சித் திடல் நடுவில் உட்கார்ந்து அழுதான். நான் போய் "என் மருமகன் பிறந்ததுக்கு நீ ஏன்டா அழற?" என்றேன். சேற்றை அள்ளி என் வாயில் அப்பிவிட்டான். பயிற்சியாளர் இருவரையும் கூடுதலாக ஓடவைத்தார். சிங்கடோக்கா மணல்மேட்டில் ஏறி இறங்கிய காலுக்கு இதெல்லாம் விளையாட்டு.

கணக்கு இது. நான் ஐந்து ட்ரை, அவன் ஐந்து. நேற்று அவன் நாலிலிருந்து ஐந்துக்கு வந்தது நான் கொடுத்த பாஸில். உன் கடிதம் இன்று காலைதான் வந்தது. ஒரு நாள் முன்னால் வந்திருந்தால் கொடுத்திருக்க மாட்டேன். இந்தக் கோப்பையில் ஒரே ஆள் போட்ட அதிக ட்ரை ஏழுதானாம், பழைய காலத்து டோங்காக்காரர் ஒருவர் போட்டது. பேப்பர்காரர்கள் இப்போதே எங்கள் இருவர் பின்னாலும் சுற்றுகிறார்கள். 'இரட்டைக் குதிரை' என்று எழுதுகிறார்கள். "எந்தக் குதிரை நீ?" என்று கேட்டால், "நான் முன்னாடி போறது, நீ அதுக்குப் பின்னாடி வர்ற சாணி" என்கிறான் உன் ஆள்.

அந்தப் பெயர் விஷயம் புரிந்தது. அந்தப் பிள்ளையைப் புதைத்த அன்று நானும் வந்திருந்தேன். மருமகன் என் பெயரைத்தான் சுமப்பான். கையைத் திறக்க மாட்டேன். ரேடியோவைக் கேள்.

நெத்தானி


சிங்கடோக்கா
1993 ஜூன் 6

அண்ணா,

கேட்டேன்.

இந்த வீட்டில் அன்று நிற்க இடமில்லை. நம் ரேடியோவை ஜன்னலில் வைத்து வாசல் முழுக்க ஆட்கள். இறுதி ஆட்டம் முடியப் போகிறது, சமோவா மூன்று புள்ளி முன்னால், ஒரு ட்ரை விழுந்தால் கோப்பை நமக்கு, உன் கையில் பந்து என்று அறிவிப்பாளர் அலறினார். "எதிர்ல ஒரே ஒரு ஆள்தான், வலப்பக்கம் இலைத்தியா தனியா, அவரைத் தடுக்க யாருமே இல்ல" என்றார். வாசலில் எல்லாரும் ஒரே குரலில் "கொடு! கொடு!" என்றார்கள். என் மாமியாரும் கத்தினார். நான் பாயில் பிள்ளையை அணைத்துக்கொண்டு உட்கார்ந்து மனசுக்குள் 'கொடுக்காதே, கொடுக்காதே' என்றேன். ஊரே ஒன்றைக் கேட்க, நான் மட்டும் அதற்கு எதிரானதைக் கேட்டேன். கடவுள் எனக்குக் கொடுத்தார்.

அப்புறம் அறிவிப்பாளர் குரல் இறங்கிவிட்டது. நீ மூலையில் இழுத்துத் தள்ளப்பட்டாய், பந்து கோட்டுக்கு முன்னாலேயே நழுவியது, கடைசி விசிலும் ஊதிவிட்டார்கள். ரேடியோவை யாரோ அணைத்தார்கள். வாசலில் இருந்தவர்கள் செருப்புகளைத் தேடி எடுத்துக்கொண்டு போனார்கள்.

அந்தக் கடிதத்தை எரித்துவிடு அண்ணா. உன் மச்சான் கண்ணில் படுவதற்குள்.

டொரிக்கா


சிங்கடோக்கா
1993 ஜூன் 27

அண்ணா,

பதில் இல்லை. அணி வந்து சேர்ந்தது, நீ வரவில்லை. அங்கேயே ஹேஸ்டிங்ஸில் நம் சித்தி மகனோடு ஆப்பிள் தோட்டத்தில் தங்கிவிட்டாய் என்று உன் மச்சான்தான் சொன்னார். இதை அந்த முகவரிக்கே அனுப்புகிறேன்.

முன் கடிதத்தை நினைத்தால் உடம்பு கூசுகிறது. உனக்கு அடி பட்டதா, சாப்பிட்டாயா, யாராவது உன்னைத் திட்டினார்களா, ஒன்றும் கேட்கவில்லை. எரித்துவிடு என்றேன். கூட்டத்தில் கல்லை எறிந்துவிட்டுக் கையைப் பின்னால் மறைக்கிற பள்ளிப் பிள்ளைபோல. அப்படிப்பட்ட பிள்ளைகளை நான் வகுப்பில் முட்டிபோட வைத்திருக்கிறேன்.

இங்கே நடப்பது உனக்குத் தெரிய வேண்டும். சுவாவிலிருந்து வரும் பேப்பரில் உன் படம், அதற்குக் கீழே 'ஒன்பதாவது ட்ரைக்காகக் கோப்பையைத் தொலைத்தவர்' என்று. நீ எட்டு, உன் மச்சான் எட்டு, பழைய சாதனையை இருவரும் தாண்டியாயிற்று, இன்னொன்று போட்டால் உன் பெயர் மட்டும் தனியாக நிற்கும், அந்தப் பேராசையில் மச்சானுக்கே பந்தைக் கொடுக்கவில்லையாம். ஊர் இதை நம்புகிறது. இது பொய் என்று தெரிந்தவள் நான் ஒருத்திதான். நான் பேப்பரை மடித்து அடுப்பங்கரையில் வைத்துவிட்டு மரவள்ளி உரிக்கிறேன்.

உன் மச்சான் வந்த அன்று பிள்ளையைத் தூக்கி முகர்ந்தார். நெடுநேரம் முகர்ந்துகொண்டே இருந்தார். உன்னைப் பற்றி ஒரு வார்த்தை இல்லை. கேலியும் இல்லை. அவர் உன்னைத் திட்டாமல் இருந்து நான் இதுவரை பார்த்ததே இல்லை, பயமாக இருக்கிறது. ராத்திரி யாங்கோனா வேர்ச்சாறு குடிக்கிற இடத்தில் யாரோ, "உன் மச்சான் எங்கப்பா, ஒன்பதைத் தேடிக்கிட்டு அங்கேயே நின்னுட்டானா?" என்று கேட்டிருக்கிறார்கள். சிரட்டையைக் கவிழ்த்து வைத்துவிட்டு எழுந்து வந்துவிட்டார்.

பந்தயத்தில் யாரும் ஜெயிக்கவில்லை அல்லவா, அதனால் பிள்ளைக்குப் பெயர் இல்லை. அவரும் பேச்செடுக்கவில்லை, மாமியாரும் எடுக்கவில்லை. ஊரே ஒரு பெயர் வைத்துவிட்டது. ஆற்றில் துணி துவைக்கும்போது கேட்கிறார்கள்: "எட்டு பால் குடிக்கிறானா?" "எட்டுக்குச் சளி விட்டுச்சா?" கடைக்காரர் மனைவி சாந்தா, பாவம், விஷயமே தெரியாமல், "உங்க ஊர்ல எட்டுன்னு பேரு வைப்பீங்களா அக்கா? நல்லாத்தான் இருக்கு" என்றாள். நான் ரொட்டி மாவை வாங்கிக்கொண்டு வந்துவிட்டேன். அவமானம் எனக்கு வர வேண்டியது, அவன் தலையில் ஏறி உட்கார்ந்திருக்கிறது. இன்னும் தலைகூட நிற்காத பிள்ளை.

நான் செய்ததை உன் மச்சானிடம் சொல்ல வேண்டும். தினமும் வாயைத் திறக்கிறேன். "சாப்பிட வாங்க" என்று வருகிறது.

டொரிக்கா


ஹேஸ்டிங்ஸ்
1993 ஜூலை 11

தங்கச்சிக்கு,

மூன்று தடவை எழுதிக் கிழித்தேன். இது நாலாவது. பகலில் ஆப்பிள் மரத்தில் ஏணி போட்டுக் கிளை வெட்டுகிறேன். இலை ஒன்றுகூட இல்லை, பார்த்தால் செத்த மரம் போல இருக்கிறது. வெட்டினால்தான் காய்க்குமாம். ஏணியில் நிற்கும் வரை நிம்மதி, யாரும் முகத்தைப் பார்க்க முடியாது.

நீ உன்னையே போட்டு அடித்துக்கொள்கிறாய். நிறுத்து. உன் கடிதத்தால் நான் அப்படிச் செய்யவில்லை.

உண்மையைச் சொல்கிறேன், இதை நான் பாதிரியாரிடம்கூடச் சொல்லவில்லை. பந்து கைக்கு வந்தபோது எனக்குப் பிள்ளை நினைவில்லை, நீ நினைவில்லை, பெயர் நினைவில்லை. அரங்கம் முழுவதும் எழுந்து நின்று கத்தியது. என் பெயரைத்தான் கத்துகிறார்கள் என்று நினைத்தேன். ஒன்பது என்ற எண் மட்டும் கண்ணெதிரே நின்றது. எட்டில் இலைத்தியாவும் இருக்கிறான், ஒன்பதில் நான் மட்டும். "மச்சான், வலது! வலது!" என்று அவன் கத்தியது காதில் விழுந்தது. நன்றாக விழுந்தது. கேட்கவில்லை என்று நிருபர்களிடம் சொன்னேன். அந்தப் பொய்யை அவன் பக்கத்தில் நின்று கேட்டுக்கொண்டிருந்தான்.

உனக்காகச் செய்தேன் என்றால் தலை நிமிர்ந்து வீட்டுக்கு வந்திருப்பேன். தங்கச்சிக்காகத் தப்புச் செய்தவனை ஊர் பாதி மன்னிக்கும். பேப்பரில் போட்டது பொய் இல்லை தங்கச்சி. அதுதான் நடந்தது. அதனால்தான் இங்கே இருக்கிறேன்.

அன்று ராத்திரி விருதும் கொடுத்தார்கள். அதிக ட்ரை போட்டவர்கள் என்று எங்கள் இருவரையும் மேடைக்கு அழைத்தார்கள். அவன் போகவில்லை. நான் போனேன். போய்க் கை குலுக்கி வாங்கிக்கொண்டு படத்துக்குச் சிரித்தேன். அந்தப் படத்தைத்தான் நீ பார்த்திருக்கிறாய்.

உன் கடிதத்தை எரிக்கவில்லை. உன் கையெழுத்தை எரிக்க மனசு வரவில்லை. பெட்டியில் இருக்கிறது, வேண்டுமானால் சொல், எரிக்கிறேன்.

உன் வீட்டுக்காரனிடம் ஒன்றும் சொல்லாதே. என் மேல் விழுந்தது என் மேலேயே இருக்கட்டும்.

நெத்தானி


சிங்கடோக்கா
1993 ஜூலை 25

அண்ணா,

சொல்லிவிட்டேன்.

நீ வேண்டாம் என்று எழுதியதால்தான் சொன்னேன் என்று நினைக்கிறேன். உன் கடிதத்தைப் படித்தபோது முதலில் வந்தது என்ன தெரியுமா? நிம்மதி. 'அப்பாடா, என்னால் இல்லை.' பிள்ளையை மடியில் வைத்துக்கொண்டு அப்படி ஒரு மூச்சு விட்டேன். அடுத்த மூச்சில் அதைவிடக் கேவலம் எதுவும் இல்லை என்று தெரிந்தது. நீ உண்மையைத்தான் எழுதினாயா, அல்லது எனக்காக இட்டுக்கட்டினாயா என்று தெரியவில்லை. எதுவாக இருந்தாலும் கொடுக்காதே என்று எழுதியது என் கை. நீ அன்று ஆசைப்படுவாய் என்பது எனக்கு எப்படித் தெரியும்? ஆனால் உன் ஆசைக்கு ஒரு நல்ல பெயரை முன்கூட்டியே அனுப்பி வைத்தவள் நான்.

அவர் படகைக் கழுவிவிட்டு வந்து உட்கார்ந்திருந்தார். நான் எல்லாவற்றையும் சொன்னேன். தூணுக்குப் பின்னால் நின்றது, எழுதியது, அன்று 'கொடுக்காதே' என்று வேண்டிக்கொண்டது. அபெனிசா என்ற பெயரைக் கேட்டாலே பயப்படுவதையும் சொன்னேன். அவர் காலைப் பார்த்தேதான் சொன்னேன்.

அவர் கேட்டார்: "அந்தப் பேரை வைக்கப்போறேன்னு யாரு சொன்னா?"

"யாரும் சொல்லல. உங்க அப்பா பேருதானே வைப்பீங்க."

"அண்ணன் புள்ளைக்குக் குழி தோண்டுனது யாரு தெரியுமா? நான். அந்தப் பேரை மறுபடியும் இந்த வீட்டுல கூப்பிடுவேனா? எனக்கு மட்டும் பயம் இருக்காதா? படிச்சவ, சிரிப்பேன்னு உங்கிட்ட சொல்லல."

"அப்ப ஜெயிச்சிருந்தா என்ன பேரு வச்சிருப்பீங்க?"

அவருக்குச் சிரிப்பு வந்துவிட்டது அண்ணா. இத்தனை நாளில் முதல் சிரிப்பு, பாதியில் உடைந்துவிட்டது.

"நெத்தானின்னுதான். நான் ஜெயிச்சு, தோத்தவன் பேரை வைக்கணும். அப்புறம் ஆயுசுக்கும் திட்டலாமில்ல? 'நெத்தானி, மூக்கைத் துடைடா, நெத்தானி, பாயிலயே போயிட்டியாடா'ன்னு. அவன் விருந்துக்கு வர்றப்பல்லாம் எதுத்தாப்ல உக்கார வச்சுத் திட்டலாம். அதுக்காகவே ஓடினேன்."

நான் முகத்தை மூடிக்கொண்டேன். நீ கையைத் திறந்திருந்தால் இவன் நெத்தானி. கோப்பையும் வந்திருக்கும். நான் வாயை மூடிக்கொண்டு இருந்தாலே போதும், நான் கேட்டது எனக்குக் கிடைத்திருக்கும்.

"இப்ப அந்தப் பேரை வைங்களேன்" என்றேன்.

"இப்ப எப்படி வைப்பேன்? ஊரு காறித் துப்புற பேரை எம்புள்ளைக்கு வைக்கவா?" அப்புறம், "அவன் வரணும். மன்னிப்புக் கேக்குற திமிங்கலப் பல்லோட முறைப்படி வந்து வாசல்ல உக்காரணும். நான் அதை வாங்கணும். அப்பதான் அந்தப் பேரு சுத்தமாகும். நானா போயி அவனைக் கூப்பிட முடியாது. மச்சான் அழைச்சா அது மன்னிப்பு இல்ல, கேலி" என்றார்.

அப்பா வைத்துவிட்டுப் போன பல் ராவில் சித்தப்பாவிடம் இருக்கிறது. அதை எடுப்பதற்கு இதைவிடப் பெரிய காரியம் நம் வீட்டுக்கு இனி வராது. வா அண்ணா. ஞானஸ்நானத்துக்குப் பாதிரியார் ஆகஸ்ட் கடைசி வரைதான் பொறுப்பதாகச் சொல்கிறார். அதற்கப்புறம் 'எட்டு' என்றே எழுதிக்கொள்வாராம். சிரித்துக்கொண்டு சொன்னார், ஆனால் எழுதிவிடுவார்.

டொரிக்கா


ஹேஸ்டிங்ஸ்
1993 ஆகஸ்ட் 6

தங்கச்சிக்கு,

என் பெயரை வைத்துத் திட்டுவதற்காக ஓடினானா? அந்தக் குட்டைக் காலன்.

ஏணியில் நின்று படித்தேன். இறங்கி வந்து மரத்துக்குப் பின்னால் போய் நின்றுகொண்டேன். சித்தி மகன் வந்து "என்னடா, கையை வெட்டிக்கிட்டியா?" என்றான். ஆமாம் என்றேன்.

வர பயமாக இருக்கிறது. ஐம்பதாயிரம் பேருக்கு முன்னால் ஓடினவனுக்கு உன் வீட்டு வாசலில் உட்கார பயம். அவன் வாங்காமல் எழுந்து போய்விட்டால்? போகலாம், அவனுக்கு அந்த உரிமை உண்டு.

சித்தப்பாவுக்கு எழுதிவிட்டேன். அவர்தான் பேசுவார், நான் தலை குனிந்து உட்கார்ந்திருப்பேன். ஒன்று மட்டும். உன் கடிதத்தைப் பற்றி அங்கே ஒருவரும் ஒன்றும் பேசக் கூடாது. அவன் பல்லை வாங்கிவிட்டால் விஷயம் புதைந்தது, அதற்குமேல் யாரும் தோண்டக் கூடாது, உனக்கே தெரியும். உன் பங்கும் அதோடு மண்ணுக்குள் போய்விடும். நீ அறைக்குள்ளேயே இரு. பிள்ளையை மட்டும் அப்புறம் யாரிடமாவது கொடுத்தனுப்பு, ஒரு தடவை பார்த்துவிட்டுப் போகிறேன்.

நெத்தானி


பக்கத்து அறையிலிருந்து
1993 ஆகஸ்ட் 28

அண்ணா,

நீ சுவருக்கு அந்தப் பக்கம் சாய்ந்து உட்கார்ந்திருக்கிறாய். நீ இருமுவது கேட்கிறது. இவ்வளவு பக்கத்திலிருந்து நான் உனக்கு எழுதியதே இல்லை. தபால்தலை மிச்சம். மாமியாரிடம் கொடுத்தனுப்புகிறேன்.

நீ சொன்னதைக் கேட்கவில்லை, மன்னித்துக்கொள். காலையில் நீயும் சித்தப்பாவும் மன்னிப்புக் கேட்பவர்கள் உட்காரும் கீழ்வாசல் பக்கம் பாயின் ஓரத்தில் வந்து உட்கார்ந்தபோது நான் திரைக்குப் பின்னால்தான் இருந்தேன். நீ மெலிந்திருந்தாய். சட்டைக் கழுத்து பெரிதாகத் தெரிந்தது. சித்தப்பா பல்லை இரு கையிலும் ஏந்திக்கொண்டு, "எங்க புள்ளை ஆசையில தப்புப் பண்ணிட்டான், தன் பேருக்காக உங்க எல்லாரு பேரையும் கெடுத்துட்டான்" என்று தொடங்கினார். எனக்குத் தெரிந்தது, இது முடிந்துவிட்டால் அப்புறம் நான் வாயைத் திறக்கவே முடியாது. சட்டமே என்னைக் காப்பாற்றிவிடும். ஆயுள் முழுக்க நான் இந்த வீட்டின் நல்ல மருமகள், நீ பேராசைக்காரன்.

பேசலாம் என்று எழுந்தேன். ஆண்கள் பேசுகிற இடம், ஊர்ப் பெரியவர்கள், அண்ணன் எதிரில். கால் மட்டும் நடந்தது. பிள்ளையோடு திரையை விலக்கி வந்து கீழ்வாசல் ஓரம், உன் பக்கத்து வரிசையில், நம் இருவருக்கும் நடுவில் ஒரு ஆள் உட்காரும் இடம் விட்டு உட்கார்ந்தேன். தலையைக் குனிந்துகொண்டேன். நீ என்னைப் பார்க்கவில்லை, பார்க்கக் கூடாது.

"அட, இவ எதுக்கு அங்க போயி உக்காருறா? இவ நம்ம வீட்டுப் பொண்ணுல்ல?" என்று மாமியார் கேட்டது உனக்கும் கேட்டிருக்கும். சித்தப்பா பாதியில் நிறுத்திவிட்டார். யாருக்கும் எதுவும் புரியவில்லை. ஒருவருக்குத்தான் புரிந்தது. அவர் என்னைப் பார்த்தார், அப்புறம் உன்னை. மாமியார் மறுபடியும் கேட்பதற்குள் எழுந்து வந்து பல்லை இரு கையாலும் வாங்கிக்கொண்டார். அவ்வளவு வேகமாக யாரும் வாங்கி நான் பார்த்ததில்லை. கைதட்டினார்கள். புதைந்துவிட்டது.

இனி என்னை யாரும் கேட்க மாட்டார்கள். ஆனால் எல்லாரும் பார்த்தார்கள். ஆற்றங்கரையில் பார்வை இருக்கும், கேள்வி இருக்காது. அது போதுமா என்று தெரியவில்லை. நான் செய்ததை விட அது சிறியதுதான்.

அப்புறம் நடந்ததை நீயே பார்த்தாய், இருந்தாலும் எழுதாவிட்டால் தூக்கம் வராது. சித்தப்பா பிள்ளையை என் மடியிலிருந்து எடுத்து உன் கையில் வைத்தார். நீ அவனைப் பந்து மாதிரி நெஞ்சோடு அணைத்துக்கொண்டாய், முகம் அவன் வயிற்றில். உன் மச்சான் எழுந்தார். உன் வலப்பக்கம் போய் நின்றார். புதைத்ததை யாரும் தோண்டக் கூடாது, ஆனால் மச்சானைத் தடுக்க யாருக்கு அதிகாரம்? இரண்டு கையையும் நீட்டிக்கொண்டு,

"மச்சான். வலது, வலது. இப்பவாவது கொடுடா" என்றார்.

நீ கொடுத்தாய்.

மாமியார் சிரித்த சிரிப்பில் பாய் அதிர்ந்தது. பாதிரியார் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். நான் மட்டும் சிரிக்கவில்லை, துவைத்த துணி போல என் முகம் நனைந்திருந்தது. அவர் பிள்ளையைத் தலைக்கு மேல் தூக்கி, "நெத்தானி!" என்றார். "நெத்தானி, ஈரம் பண்ணிட்டியாடா, வெக்கங்கெட்டவனே!"

நாளைக் காலை ஞானஸ்நானம். பெயரில் மாற்றம் இல்லை.

ஒன்று கேட்கிறேன், இதற்காவது உண்மையைச் சொல். ஹேஸ்டிங்ஸிலிருந்து நீ எழுதினாயே, பந்து கையில் இருந்தபோது என் கடிதம் நினைவிலேயே இல்லை என்று. நிஜமா?

டொரிக்கா


அதே காகிதத்தின் பின்பக்கம்

தங்கச்சிக்கு,

உன் மாமியார் இதைக் கொண்டுவந்து கொடுத்துவிட்டு, "ஒரு சுவருதான் நடுவுல, கத்தினாலே கேக்கும், என்ன மனுசங்களோ" என்று முறைத்துவிட்டுப் போனார். அவர் பென்சிலைத்தான் கடன் வாங்கியிருக்கிறேன்.

நீ கேட்டதற்கு எனக்கே பதில் தெரியவில்லை. அந்தச் சில நொடியை எத்தனையோ தடவை ஓடிப் பார்த்துவிட்டேன். ஒரு தடவை உன் எழுத்து கண்ணில் தெரிகிறது, ஒரு தடவை ஒன்பது மட்டும் தெரிகிறது. எந்தத் தடவையிலும் நான் பந்தைக் கொடுக்கவில்லை. எது எவ்வளவு என்று பிரிக்கப் போகாதே. நீ நடுவில் விட்டு உட்கார்ந்தாயே ஒரு ஆள் இடம், அதில் வைத்துவிடலாம்.

பிள்ளை அழுகிறான். உன் வீட்டுக்காரன், என் மச்சான், வாசலில் நின்று என் பெயரைச் சொல்லி எட்டு வீட்டுக்குக் கேட்கத் திட்டிக்கொண்டிருக்கிறான். சின்னவனுக்குப் பசிக்கிறது போலிருக்கிறது. எழுதியது போதும், போய்த் தூக்கு.

நெத்தானி (பெரியவன்)